ஸ்டீரிங் பட்டன் மக்கர் செய்கிறதா? அறிகுறியைப் பார்த்துப் பழுதைப் பிடிக்கும் வழி

அடிப்படை மாடல் காரை வாங்கிவிட்டு, அப்புறம் ஆண்ட்ராய்டு செட்டும் (டேஷ்போர்டில் மாட்டும் ஆடியோ திரை), அதை இயக்கும் ஸ்டீரிங் பட்டனும் தனியாகப் போட்டுக்கொள்கிறவர்கள் நம் ஊரில் ஏராளம். பட்டன் செட் கிடைப்பது கஷ்டமில்லை. சென்னை என்றால் ஜி.பி. ரோட்டில் ஒரு நடை போனால் போதும். மாட்டிய பிறகுதான் வேடிக்கை ஆரம்பிக்கும். சத்தத்தைக் கூட்டினால் பாட்டு மாறும், ஹெட்லைட் போட்டால் சத்தம் தானாகக் குறையும், மறுநாள் காலையில் எந்தப் பட்டனும் எதையும் செய்யாது. கடைக்குப் போனால் பெரும்பாலும் ஒரே தீர்ப்பு: "கிளாக் ஸ்பிரிங் போயிடுச்சு சார்."

இப்படி வந்த வண்டிகளைப் பார்த்தவரை, கிளாக் ஸ்பிரிங் (ஸ்டீரிங்கோடு சுற்றி, பட்டன், ஹாரன், ஏர்பேக் இணைப்புகளைக் கொண்டுவரும் சுருள் கேபிள்) உண்மையிலேயே போயிருப்பது கொஞ்சம்தான். எர்த் சரியில்லாதது, செட் பட்டனை ஒழுங்காகக் கற்றுக்கொள்ளாதது, இரண்டு வயர் இடம் மாறியது, இவைதான் அதிகம். அதனால் ஒவ்வொரு அறிகுறிக்கும் கீழே, காசு செலவில்லாத காரணத்திலிருந்து ஆரம்பித்து, பர்ஸைத் திறக்க வேண்டிய காரணத்தில் முடித்திருக்கிறேன்.

## முதலில் இதைப் படியுங்கள்

ஸ்டீரிங் நடுவில் இருக்கும் மஞ்சள் கப்ளர் (வயர்களைச் செருகி இணைக்கும் பிளக்) ஏர்பேக்குக்கு உரியது. 2019 ஜூலைக்குப் பிறகு இந்தியாவில் தயாரான கார்களில் ஓட்டுநர் பக்க ஏர்பேக் கட்டாயம் என்பதால், அடிப்படை மாடலிலும் அது இருக்கும். மஞ்சள் வயரிலோ மஞ்சள் கப்ளரிலோ மல்டிமீட்டரை வைக்காதீர்கள். மீட்டர் அனுப்பும் சின்ன மின்சாரமே ஏர்பேக்கை வெடிக்க வைக்கக்கூடும்.

ஏர்பேக்கைக் கழற்றித்தான் ஆக வேண்டும் என்றால், சாவியை எடுத்துவிட்டு பேட்டரியின் நெகட்டிவ் முனையைக் கழற்றிக் காத்திருக்க வேண்டும். டொயோட்டா கையேடு 90 வினாடி என்கிறது, ஹோண்டா 3 நிமிடம் என்கிறது. நான் எந்த வண்டியானாலும் பத்து நிமிடம் விட்டுவிடுவேன். அவசரப்பட்டு ஒன்றும் ஆகப்போவதில்லை. கழற்றிய ஏர்பேக்கை மூடி மேலே பார்க்கும்படி வைக்க வேண்டும், கவிழ்த்து வைக்கக் கூடாது.

நல்ல செய்தி என்னவென்றால், கீழே சொல்லும் சோதனைகளில் பெரும்பாலானவற்றுக்கு ஸ்டீரிங்கைத் தொடவே வேண்டாம். செட்டுக்குப் பின்னால் இருக்கும் கப்ளரிலேயே எல்லாவற்றையும் அளந்துவிடலாம்.

தேவையானவை: ஒரு டிஜிட்டல் மல்டிமீட்டர், 1 கிலோ ஓம் ரெசிஸ்டர் ஒன்று, 330 ஓம் ரெசிஸ்டர் ஒன்று, டேஷ்போர்டு பேனலைக் கீறாமல் எடுக்க பிளாஸ்டிக் நெம்பி, சால்டரிங் அயர்ன், ஹீட் ஷ்ரிங்க் ஸ்லீவ். ரெசிஸ்டர்கள் ரிச்சி ஸ்ட்ரீட்டிலோ உங்கள் ஊர் எலக்ட்ரானிக்ஸ் கடையிலோ சில்லறைக் காசுக்குக் கிடைக்கும். அவற்றைத்தான் பலரும் வாங்குவதில்லை. பாதி வேலையை முடித்துக் கொடுப்பது அவைதான்.

## எல்லா அறிகுறிக்கும் பொதுவான இரண்டு சோதனைகள்

பல மாருதி, டொயோட்டா, பழைய ஹூண்டாய் வண்டிகளில் ஸ்டீரிங்கின் ஒவ்வொரு பட்டனுக்குள்ளும் ஒரு ரெசிஸ்டர் இருக்கும். எந்தப் பட்டன் அழுத்தப்பட்டது என்பதை செட் ஓம் அளவை (மின்தடையை) வைத்துத் தெரிந்துகொள்கிறது. இவ்வளவு தெரிந்தால் போதும். போலோ, ரேபிட் போன்றவை வேறு கதை. அவற்றுக்குத் தனித் தலைப்பு கீழே இருக்கிறது.

### ஸ்டீரிங் பக்கச் சோதனை

செட்டின் கீ 1, கீ 2 வயர்களை (பட்டன் சிக்னலை வாங்கும் வயர்கள்) ஸ்டீரிங்கிலிருந்து வரும் வயரிலிருந்து பிரித்துவிடுங்கள். பிரிக்காமல் அளந்தால் செட்டின் வோல்டேஜ் கலந்து தப்பான எண் வரும். மீட்டரை ஓம் அளவில் வைத்து, ஸ்டீரிங்கிலிருந்து வரும் சிக்னல் வயருக்கும் அதன் பொது வயருக்கும் (எல்லாப் பட்டனுக்கும் பொதுவான, எர்த்தில் சேர வேண்டிய வயர்) இடையே அளந்தபடி ஒவ்வொரு பட்டனாக அழுத்துங்கள். ஒவ்வொன்றுக்கும் வேறு எண் வர வேண்டும். அதே பட்டனை மறுபடி அழுத்தினால் அதே எண் வர வேண்டும்.

ஒரு மாதிரிக்கு, பல டொயோட்டா வண்டிகளில் முதல் சிக்னல் வயரில் வரும் அளவுகள் இவை: அடுத்த பாட்டு பட்டனுக்குக் கிட்டத்தட்ட பூஜ்யம், முந்தைய பாட்டுக்கு சுமார் 330 ஓம், சத்தம் கூட்ட 1,000 ஓம், சத்தம் குறைக்க 3,110 ஓம். எதையும் தொடாதபோது ஒரு லட்சம் ஓம் அளவில் நிற்கும். உங்கள் வண்டியில் எண்கள் வேறாக இருக்கலாம். தனித்தனியாகவும் நிலையாகவும் வருகிறதா என்பதுதான் கேள்வி.

### செட் பக்கச் சோதனை

செட்டை ஆன் செய்து, மீட்டரை டிசி வோல்ட்டில் வைத்து, கீ 1 வயருக்கும் செட்டின் கறுப்பு எர்த் வயருக்கும் இடையே அளந்து பாருங்கள். 3.3 வோல்ட் அல்லது 5 வோல்ட் அளவில் காட்ட வேண்டும். அப்புறம் செட்டின் செட்டிங்ஸில் ஸ்டீரிங் பட்டன் கற்றுக்கொடுக்கும் திரைக்குப் போய், 1 கிலோ ஓம் ரெசிஸ்டரின் ஒரு காலை கீ 1 வயரிலும் இன்னொரு காலை எர்த்திலும் வையுங்கள். செட் அதை ஒரு பட்டனாக எடுத்துக்கொள்ள வேண்டும். பிறகு 330 ஓம் ரெசிஸ்டரை வைத்து வேறொரு வேலைக்குக் கற்றுக்கொடுங்கள். இரண்டையும் பிரித்து அறிந்தால் செட்டில் கோளாறு இல்லை. கீ 2 வயருக்கும் இதையே செய்யுங்கள்.

இந்த இரண்டு சோதனையையும் முடித்தால் பழுது செட் பக்கமா, ஸ்டீரிங் பக்கமா என்பது தெரிந்துவிடும். கடைக்காரர் எதை மாற்றச் சொன்னாலும், இதைச் செய்து பார்க்காமல் ஒத்துக்கொள்ளாதீர்கள்.

## அறிகுறி: எந்தப் பட்டனும் வேலை செய்யவில்லை

### கற்றுக்கொடுத்தீர்களா?

கேட்பதற்கே சிரிப்பாக இருக்கும். ஆனால் வயரை இணைத்தாலே பட்டன் வேலை செய்யும் என்று நினைப்பவர்கள் நிறைய. ஆண்ட்ராய்டு செட்டில் ஒவ்வொரு பட்டனையும் அழுத்திப் பிடித்து, திரையில் அதற்குரிய படத்தைத் தொட்டு, கடைசியில் சேமிக்க வேண்டும். சில செட்டுகளில் இந்தத் திரை சாதாரண செட்டிங்ஸில் இருக்காது, தனி ஆப்பாக இருக்கும்.

### கற்றுக்கொடுக்கும் திரையில் அசைவே இல்லை, செட் பக்கச் சோதனை சரி

பொது வயரைப் பாருங்கள். நான் அதிகம் பார்க்கும் தவறு இதுதான். ஸ்டீரிங்கிலிருந்து இரண்டு வயர் வருகிறது, செட்டில் கீ 1, கீ 2 என்று இரண்டு வயர் இருக்கிறது, ஒன்றுக்கு ஒன்று சரியாகப் பொருந்துகிறது என்று இணைத்துவிடுவார்கள். ஆனால் ஸ்டீரிங்கிலிருந்து வரும் அந்த இரண்டில் ஒன்று பொது வயராக இருக்கும். அது போக வேண்டிய இடம் செட்டின் எர்த்.

டொயோட்டாவில் இரண்டு சிக்னல் வயரும் தனியாக ஒரு பொது வயரும் உண்டு. அந்தப் பொது வயரை எர்த்தில் சேர்க்காவிட்டால் இரண்டு பக்கப் பட்டன்களும் ஊமைதான். சில வண்டிகளில் பொது வயர் ஏற்கெனவே பாடி எர்த்தில் சேர்ந்திருக்கும். எது உங்கள் வண்டி என்று தெரிந்துகொள்ள, சிக்னல் வயருக்கும் பாடிக்கும் இடையே அளந்தபடி பட்டனை அழுத்துங்கள். ஓம் மாறினால் எர்த் உள்ளேயே சேர்ந்திருக்கிறது. மாறாவிட்டால் பொது வயரை நீங்கள்தான் சேர்க்க வேண்டும்.

### கீ வயரில் வோல்டேஜே இல்லை

முதலில் கப்ளர் பின் முழுதாக உள்ளே உட்கார்ந்திருக்கிறதா என்று பாருங்கள். மலிவு செட்டுகளில் பின் பின்னால் தள்ளிக்கொண்டு நிற்பது சகஜம். பின் சரியாக இருந்தும் வோல்டேஜ் வரவில்லை என்றால், யாரோ அந்த வயரில் 12 வோல்ட்டைக் காட்டியிருக்கலாம். பட்டன் விளக்குக்கு வரும் 12 வோல்ட் வயரை சிக்னல் வயர் என்று நினைத்து கீ 1-இல் இணைத்தால் அந்தக் கணமே செட்டின் உள்வாங்கும் பகுதி கருகிவிடும். கீ 2 உயிரோடு இருந்தால் எல்லாப் பட்டனையும் அதில் சேர்த்துச் சமாளிக்க முடிகிறதா என்று பார்க்கலாம், இரண்டு பக்கப் பட்டன்களின் ஓம் அளவும் ஒன்றோடொன்று மோதாமல் இருந்தால் மட்டும். இரண்டுமே போயிருந்தால் செட்டின் சர்க்யூட் பலகையைப் பழுது பார்ப்பவரிடம் கொடுக்க வேண்டும்.

### ஸ்டீரிங் பக்கத்தில் எந்த அளவும் வரவில்லை

பட்டனின் கப்ளர் மாட்டாமல் இருக்கலாம். அதைவிட முக்கியமான ஒன்று: பல அடிப்படை மாடல்களின் கிளாக் ஸ்பிரிங்கில் ஹாரனுக்கும் ஏர்பேக்குக்கும் மட்டுமே வழி இருக்கும், ஆடியோ பட்டனுக்கான வழியே இருக்காது. கப்ளர் வடிவம் ஒன்றாக இருப்பதால் பட்டன் செட் அழகாக மாட்டிக்கொள்ளும், ஆனால் அந்த இடங்களில் பின் இருக்காது. எத்தனை முறை அளந்தாலும் ஒன்றும் வராது. டாப் மாடலுக்கான கிளாக் ஸ்பிரிங்கைப் போட்டால்தான் வழி பிறக்கும். சில வண்டிகளில் ஸ்டீரிங் தண்டிலிருந்து செட் வரை வரும் வயரும் இருக்காது. அதையும் இழுக்க வேண்டும். பட்டன் செட்டுக்குக் காசு கொடுப்பதற்கு முன்பே இதைப் பார்த்துவிடுவது புத்திசாலித்தனம். ஸ்டீரிங் தண்டின் கீழ் உறையைக் கழற்றினால் கிளாக் ஸ்பிரிங்கின் கீழ் கப்ளர் தெரியும், அதில் எத்தனை பின் நிரம்பியிருக்கிறது என்று எண்ணினாலே தெரிந்துவிடும்.

யாரிடம் போவது: கிளாக் ஸ்பிரிங் மாற்ற வேண்டும் என்று உறுதியானதும் வேலையை நிறுத்திவிட்டு சர்வீஸ் சென்டருக்கோ ஏர்பேக் வேலை தெரிந்த ஆட்டோ எலக்ட்ரீஷியனிடமோ போங்கள். ஆடியோ கடை அதற்கான இடம் அல்ல.

## அறிகுறி: எந்தப் பட்டனை அழுத்தினாலும் ஒரே வேலைதான் நடக்கிறது

கற்றுக்கொடுத்தபோது அவசரப்பட்டிருக்கலாம். எல்லாவற்றையும் அழித்துவிட்டு, ஒரு பட்டனை இரண்டு வினாடி அழுத்திப் பிடித்தபடியே திரையைத் தொட்டு, விட்டு, அடுத்ததற்குப் போங்கள். பட்டனை விட்ட பிறகு திரையைத் தொட்டால், சில செட்டுகள் வெறும் நிலையையே பட்டனாக எடுத்துக்கொள்ளும்.

அது சரியாக வந்தும் குழப்பம் தீரவில்லை என்றால் ஸ்டீரிங் பக்கச் சோதனை. எல்லாப் பட்டனுக்கும் பூஜ்யம் காட்டினால் சிக்னல் வயர் எங்கோ பாடியில் உரசுகிறது. செட்டைப் பின்னுக்குத் தள்ளி அடைக்கும்போது வயர் உலோக ஃபிரேமுக்கும் செட்டுக்கும் நடுவே நசுங்கியிருக்கும். முதலில் அங்கே தேடுங்கள். டொயோட்டா மாதிரி அடுத்த பாட்டு பட்டன் பூஜ்ய ஓம் இருக்கும் வண்டிகளில் இந்தப் பழுது வேறு வேஷத்தில் வரும்: யாரும் தொடாமலே பாட்டு மாறிக்கொண்டே இருக்கும்.

ஓம் அளவு தனித்தனியாக இருக்கிறது, ஆனால் செட்டுக்கு மட்டும் இரண்டு பட்டன் ஒன்றாகத் தெரிகிறதா? அளவுகள் மிக நெருக்கமாக இருக்கும்போது இப்படி ஆகும். சில செட்டுகளின் உள் செட்டிங்ஸில் கீ வயரின் வோல்டேஜையோ உள் ரெசிஸ்டரையோ மாற்றும் வசதி உண்டு. மாற்றிப் பார்த்துவிட்டு முதலிலிருந்து கற்றுக்கொடுங்கள். இடது பக்கப் பட்டன்களை கீ 1-லும் வலது பக்கப் பட்டன்களை கீ 2-லும் பிரித்துக் கொடுப்பது இன்னும் நல்லது. இரண்டு பக்கத்தையும் ஒரே வயரில் முறுக்கி இணைத்துவிட்டால், ஒரே ஓம் அளவுள்ள பட்டன்கள் இரண்டு பக்கமும் இருக்கும்போது செட் என்ன செய்யும் பாவம்.

## அறிகுறி: சத்தம் தானாகக் கூடுகிறது, குறைகிறது

இதுதான் மனிதனைப் பைத்தியம் பிடிக்க வைக்கும் பழுது. கடைக்குக் கொண்டுபோனால் ஒழுங்காக இருக்கும், வீட்டுக்குத் திரும்பும் வழியில் ஆரம்பிக்கும். எப்போது நடக்கிறது என்பதைக் கவனித்தால் பாதி விடை கிடைத்துவிடும்.

### ஹெட்லைட், ஏசி, வைப்பர் போடும்போது

எர்த். பொது வயரை ஓர் இடத்திலும் செட்டின் எர்த்தை வேறோர் இடத்திலும் கொடுத்திருப்பார்கள். லோடு ஏறும்போது இரண்டு எர்த்துக்கும் இடையே சின்ன வோல்டேஜ் வித்தியாசம் வரும், செட் அதைப் பட்டன் அழுத்தம் என்று எடுத்துக்கொள்ளும். என்ஜினை ஓட விட்டு, ஹெட்லைட்டும் ஏசியும் போட்டு, செட்டின் எர்த் வயருக்கும் பேட்டரி நெகட்டிவ் முனைக்கும் இடையே டிசி வோல்ட் அளந்து பாருங்கள். 0.1 வோல்ட்டுக்குள் இருந்தால் கவலையில்லை. 0.2-ஐத் தாண்டினால் எர்த்தைச் சரிசெய்ய வேண்டும்: பெயின்ட்டைச் சுரண்டி வெறும் உலோகத்தில் போல்ட் போட்டு இறுக்குங்கள். பொது வயரை செட்டின் எர்த் வயரிலேயே சேர்த்துவிடுங்கள். டேஷ்போர்டுக்குள் கைக்கு எட்டும் ஸ்க்ரூவில் சுற்றிவிட்டுப் போகும் பழக்கத்தால்தான் இவ்வளவு வண்டிகள் திரும்பி வருகின்றன.

எர்த்தைச் சரிசெய்த பிறகு பட்டன்களைத் திரும்பவும் கற்றுக்கொடுக்க வேண்டும். அதை என்ஜின் ஓடும்போது செய்யுங்கள். வண்டி எப்போதும் ஓடும் நிலையில் செட் என்ன பார்க்குமோ, அதையே அது கற்கட்டும்.

ஹெட்லைட்டுக்கு மட்டும் நடந்து, ஏசிக்கு நடக்கவில்லை என்றால் பட்டனின் விளக்கு வயர் மேல் சந்தேகம் வர வேண்டும். விளக்கு வயரைத் தற்காலிகமாகக் கழற்றிவிட்டு ஒரு இரவு ஓட்டிப் பாருங்கள். நின்றுவிட்டால், விளக்கின் எர்த்தும் பட்டனின் பொது வயரும் எங்கே சேர்கின்றன என்று தேடிப் பிரிக்க வேண்டும்.

### மழைக்காலத்தில், அல்லது காலையில் மட்டும்

பட்டனுக்குள் ஈரமோ அழுக்கோ. டீ சிந்தியது, கையில் தடவிய சானிடைசர் வழிந்தது, ஜன்னலை மூடாமல் விட்ட மழை, எதுவாகவும் இருக்கலாம். ஸ்டீரிங் பக்கச் சோதனையில் இது நன்றாகப் பிடிபடும்: எதையும் அழுத்தாதபோதே அளவு ஆடும், அல்லது ஒரே பட்டன் ஒரு தடவை 1,000 ஓம் என்றும் அடுத்த தடவை 1,400 என்றும் காட்டும். பட்டன் செட்டைக் கழற்றிப் பிரித்தால் உள்ளே ரப்பரின் அடியில் கறுப்புக் கார்பன் பொட்டுகள் இருக்கும். ஐசோபுரோப்பைல் ஆல்கஹால் தொட்ட பஞ்சால் பலகையையும் பொட்டுகளையும் மெதுவாகத் துடைத்து நன்கு காயவிடுங்கள். பெட்ரோல், துரு நீக்கும் ஸ்பிரே எல்லாம் கார்பனைக் கெடுத்துவிடும். உப்புத்தாள் பக்கமே போகாதீர்கள். துடைத்தும் தீரவில்லை என்றால் பட்டன் செட்டை மாற்றுவதுதான் வழி.

### வெயிலில் நின்ற வண்டியில்

முறுக்கி டேப் சுற்றிய இணைப்பு. மே மாத வெயிலில் நின்ற காரின் டேஷ்போர்டுக்குள் டேப்பின் பசை இளகி, இணைப்பு தளர்ந்திருக்கும். வயரைப் பிடித்து லேசாக ஆட்டிப் பாருங்கள், சத்தம் குதித்தால் அங்கேதான். வெட்டி எறிந்துவிட்டு சால்டர் வைத்து ஸ்லீவ் போடுங்கள்.

## அறிகுறி: ஸ்டீரிங்கைத் திருப்பும்போது மட்டும் வேலை செய்வதில்லை

இங்கேதான் கிளாக் ஸ்பிரிங்கைச் சந்தேகப்படலாம். சுவர்க்கடிகாரச் சுருள் போல உள்ளே சுருண்டு கிடக்கும் தட்டையான கேபிள் அது. ஸ்டீரிங் சுற்றும்போது சுருண்டு விரியும். அதில் ஒரு இழை அறுந்தால், ஸ்டீரிங் ஒரு கோணத்தில் இருக்கும்போது தொட்டுக்கொண்டும் இன்னொரு கோணத்தில் விட்டும் போகும்.

உறுதி செய்ய, வண்டியை நிறுத்தி, என்ஜினை ஓட விட்டு, செட்டின் கீ வயர்களைப் பிரித்து மீட்டரை மாட்டுங்கள். ஒரு பட்டனை அழுத்திப் பிடித்தபடி ஸ்டீரிங்கை ஒரு கோடியிலிருந்து மறுகோடி வரை மெதுவாகத் திருப்புங்கள். மீட்டரைப் பார்க்க ஒருவர் கூட இருந்தால் நல்லது. எண் கடைசி வரை நிலையாக இருந்தால் கிளாக் ஸ்பிரிங் பிழைத்தது, தண்டின் கீழ் கப்ளரில் தளர்வு இருக்கிறதா என்று பாருங்கள். ஒரு குறிப்பிட்ட இடத்தில் எண் காணாமல் போனால் கிளாக் ஸ்பிரிங்தான். ஹாரனும் அதே இடத்தில் அடிக்காமல் போனால் சந்தேகமே வேண்டாம். திருப்பும்போது உள்ளே காகிதம் உரசுவது போன்ற சத்தம் கேட்பதும் இதோடு சேர்ந்து வரும்.

யாரிடம் போவது: இது உடனே தொழில்முறை ஆளிடம் போக வேண்டிய பழுது. ஏர்பேக்குக்குப் போகும் இழைகளும் அதே சுருளில்தான் இருக்கின்றன. இன்று பட்டன் இழை அறுந்தால் நாளை ஏர்பேக் இழையும் அறுந்துபோகலாம். புதிய கிளாக் ஸ்பிரிங்கைச் சக்கரங்கள் நேராக இருக்கும்போது, சுருளைச் சரியாக நடுவில் வைத்துப் பொருத்த வேண்டும். நடு தவறினால் ஒரு பக்கம் முழுதாகத் திருப்பும்போது கேபிள் இழுபட்டு அறுந்துவிடும். ஈஎஸ்பி (வண்டி சறுக்காமல் காக்கும் அமைப்பு) உள்ள வண்டிகளில் ஸ்டீரிங் கோணத்தை அளக்கும் சென்சாரும் அங்கேயே இருக்கலாம். மாற்றிய பிறகு ஸ்கேனர் (வண்டியின் கம்ப்யூட்டரோடு பேசும் கருவி) வைத்து அதற்குப் பூஜ்யம் கற்றுக்கொடுக்க வேண்டும்.

பழைய சாமான் கடையில் கழற்றிய கிளாக் ஸ்பிரிங்கை வாங்காதீர்கள். விபத்தில் ஏர்பேக் வெடித்த வண்டியிலிருந்து வந்ததா என்று வெளியே பார்த்துச் சொல்ல முடியாது.

## அறிகுறி: வண்டியை அணைத்து எடுத்தால் பட்டன்கள் மறந்துபோகின்றன

செட்டின் கடிகாரத்தைப் பாருங்கள். கடிகாரமும் ரேடியோ நிலையங்களும் கூட மறந்துபோகின்றன என்றால் மஞ்சள் வயரும் சிவப்பு வயரும் இடம் மாறியிருக்கின்றன. மஞ்சளுக்கு எப்போதும் 12 வோல்ட் வேண்டும், சிவப்புக்குச் சாவி போட்டால் மட்டும் வேண்டும். சாவியை எடுத்துவிட்டு மஞ்சளில் அளந்தால் தெரிந்துவிடும். இந்த மஞ்சளுக்கும் ஏர்பேக்கின் மஞ்சளுக்கும் சம்பந்தமில்லை. இது செட்டுக்குப் பின்னால் இருப்பது.

கடிகாரம் சரியாக இருந்து பட்டன் மட்டும் மறந்தால், கற்றுக்கொடுத்த பிறகு சேமிக்கும் பொத்தானைத் தொடவில்லை. அவ்வளவுதான்.

## அறிகுறி: ஏர்பேக் விளக்கு எரிந்தே இருக்கிறது

பட்டன் மாட்டும் முன் அணைந்திருந்து, மாட்டிய பின் எரிகிறது என்றால் மஞ்சள் கப்ளர் முழுதாகப் பூட்டவில்லை, அல்லது கப்ளர் கழன்றிருக்கும்போது யாரோ சாவியைப் போட்டிருக்கிறார்கள். கப்ளரைச் சரியாக மாட்டினாலும் பல வண்டிகளில் விளக்கு தானாக அணையாது. பதிவான பிழையை ஸ்கேனர் வைத்து அழிக்க வேண்டும். அதனால் இதில் நீங்களாகச் செய்ய ஒன்றும் இல்லை. நேராக சர்வீஸ் சென்டர்.

ஒன்றை மட்டும் சொல்லியாக வேண்டும். சில இடங்களில் ஏர்பேக் கப்ளருக்குள் ஒரு சின்ன ரெசிஸ்டரைச் செருகி விளக்கை அணைத்துக் கொடுப்பார்கள். கம்ப்யூட்டர் ஏமாந்துபோகும், விளக்கு அணையும், மோதினால் ஏர்பேக் விரியாது. அப்படி ஒரு யோசனை சொல்பவரிடமிருந்து வண்டியை உடனே எடுத்துக்கொண்டு வந்துவிடுங்கள்.

## அறிகுறி: ஹாரன் அடிக்கவில்லை, அல்லது பட்டன் விளக்கு எரியவில்லை

ஹாரனுக்கு முதலில் ஃபியூஸ். ஃபியூஸ் நன்றாக இருந்தால், ஏர்பேக்கைத் திரும்ப மாட்டும்போது ஹாரனின் ஒற்றை வயர் கழன்றிருக்கும். ஹாரன் தானாக அடித்துக்கொண்டே இருந்தால் அந்த வயர் எங்கோ உலோகத்தில் தொட்டுக்கொண்டிருக்கிறது.

பட்டன் விளக்கு எரியாவிட்டால், அடிப்படை மாடலில் அதற்கான வயரே வராமல் இருக்க வாய்ப்பு அதிகம். வேலை செய்கிற பட்டனில் விளக்குக்காக கிளாக் ஸ்பிரிங் பக்கம் போவது தேவையில்லாத வேலை என்பது என் கருத்து. கை பழகிவிடும்.

## கேன் வகை வண்டிகள்: போலோ, வென்டோ, ரேபிட் போன்றவை

இவற்றில் பட்டனின் ஓம் அளவு செட் வரை வருவதே இல்லை. தகவல் கேன் என்ற வயர் வலையில் டிஜிட்டலாக வருகிறது. கீ 1 வயரை எங்கே தொட்டாலும் பயனில்லை. இடையில் அந்தத் தகவலைப் படித்து செட்டுக்குச் சொல்லும் கேன் பாக்ஸ் வேண்டும்.

சாவி போட்டதும் செட் தானாக ஆன் ஆகிறதா என்று பாருங்கள். இந்த வண்டிகளின் செட் கப்ளரில் சாவிக்கான வயர் பொதுவாக இருக்காது, அந்தத் தகவலையும் கேன் பாக்ஸ்தான் படித்துக் கொடுக்கிறது. செட் ஆன் ஆகி, கதவு திறந்ததும் திரையில் காட்டி, பட்டன் மட்டும் வேலை செய்யவில்லை என்றால் செட்டின் உள் செட்டிங்ஸில் பாக்ஸ் தயாரிப்பாளரையும் கார் மாடலையும் மாற்றி மாற்றித் தேர்ந்தெடுத்துப் பாருங்கள். கதவும் காட்டவில்லை என்றால் பாக்ஸின் கப்ளர், அதன் 12 வோல்ட், அதன் எர்த்.

பட்டனே இல்லாத மாடலில் புதிதாகப் பட்டன் போட்டிருந்தால், ஸ்டீரிங் தண்டில் இருக்கும் மாட்யூல் அதை ஏற்குமா, ஏற்றாலும் கோடிங் (பட்டன் இருப்பதை வண்டியின் கம்ப்யூட்டரில் பதிவது) செய்ய வேண்டுமா என்ற கேள்வி வரும். அந்தக் கார்களுக்கான கோடிங் கருவி வைத்திருப்பவரிடம் முதலிலேயே கேட்டுவிட்டு அப்புறம் சாமான் வாங்குங்கள்.

## ஜப்பானிய பிராண்ட் செட்டுகள்

ஆண்ட்ராய்டு செட்டுக்கு எழுதிய யோசனை இவற்றுக்கு அப்படியே பொருந்தாது. பயனியரில் பின்னால் 3.5 மி.மீ. ஜாக் இருக்கும், கென்வுட்டில் நீல-மஞ்சள் ரிமோட் வயர் இருக்கும். கென்வுட் வயர் டிஜிட்டல் சிக்னலை எதிர்பார்க்கிறது. ஸ்டீரிங் வயரை நேராக அதில் இணைத்தால் ஒன்றும் நடக்காது. செட்டுக்கும் காருக்கும் ஏற்ற இன்டர்ஃபேஸ் பெட்டி வேண்டும். பெட்டி இருந்தும் பட்டன்கள் பாதிதான் வேலை செய்கின்றன என்றால், ஜாக் முழுதாக உள்ளே போயிருக்கிறதா, பின் ஸ்டீரியோ வகையா என்று பாருங்கள். மோனோ பின் போட்டால் வளையத்தில் வர வேண்டிய சிக்னல் எர்த்தில் போய்விடும்.

## ஒட்டும் வகை வயர்லெஸ் பட்டன்கள்

கிளாக் ஸ்பிரிங் தொல்லையே வேண்டாம் என்று பலர் இதற்குப் போகிறார்கள். எந்தத் தவறும் இல்லை. வேலை செய்யாவிட்டால் முதலில் சிஆர்2032 பேட்டரியை மாற்றுங்கள். பட்டனை அழுத்தும்போது அதன் சின்ன எல்இடி மினுங்கினால் பட்டன் நன்றாக இருக்கிறது, செட்டுக்குப் பின்னால் உள்ள ரிசீவர் பெட்டியைப் பாருங்கள். அதற்கு 12 வோல்ட் வருகிறதா, எர்த் இருக்கிறதா, உலோகத்துக்குப் பின்னால் புதைந்து கிடக்கிறதா? பெட்டியைக் கொஞ்சம் வெளியே இழுத்து வைத்தாலே தூரப் பிரச்சினை தீர்ந்துவிடுவது உண்டு. ரிசீவரின் வயர் கீ 1-இல்தான் சேர்வதால், மேலே சொன்ன செட் பக்கச் சோதனை இதற்கும் அப்படியே பொருந்தும்.

ஒட்டும் இடம் ஸ்டீரிங் வளையத்தின் ஆரத்தில் (வளையத்தையும் நடுவையும் இணைக்கும் பகுதியில்) இருக்கட்டும். நடுவில், ஏர்பேக் மூடியின் மேல் ஒட்டியிருந்தால் இன்றே எடுத்துவிடுங்கள். ஏர்பேக் விரியும்போது அந்தப் பட்டன் முகத்தை நோக்கிப் பாயும்.